ஒரு சான்றிதழால் நழுவவிருந்த மருத்துவ இடம்

மருத்துவப் படிப்பில் அரசுப் பள்ளி மாணவர்களுக்கான 7.5 விழுக்காடு உள் ஒதுக்கீட்டில் என் மகள் அளித்த விண்ணப்பம், ஆறாம் வகுப்பின் படிப்புச் சான்றிதழ் இணைக்கப்படவில்லை என்ற ஒரே காரணத்தால் நிராகரிக்கப்பட்டது. அன்றே தலைமையாசிரியரிடம் சான்றிதழைப் பெற்று, விண்ணப்பத்தை நிராகரித்த அலுவலகத்தில் கோரிக்கை மனுவுடன் நேரில் கொடுத்து ஒப்புகை வாங்கினேன். பதில் வராததால், மூன்றாம் நாள் அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசு அதிகாரிகளுக்கு ஆணையிடக் கோரும் மனு) தாக்கல் செய்தோம்.

தகுதி வேறு, அத்தகுதியை மெய்ப்பிக்கும் சான்று வேறு என்று 1980இல் சார்லஸ் ஸ்கேரியா வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியதை எங்கள் வழக்கறிஞர் முன்வைத்தார். அதைவிட முக்கியமாக நான் கருதியது, வழக்கு முடியும்வரை ஓர் இடத்தைக் காலியாக வைக்கும் இடைக்கால உத்தரவைத்தான். கலந்தாய்வில் இடங்கள் நிரம்பிய பின் வெல்வதால், ஏழாண்டுகள் அரசுப் பள்ளியில் படித்த பிள்ளைக்கு என்ன பயன்? அந்த உத்தரவு கிடைத்தது. பின்னர் சான்றிதழும் ஏற்கப்பட்டு, அடுத்த சுற்றில் அவள் சேர்ந்தாள்.