பெங்களூர்ல வளர்ற குழந்தைக்கு தமிழ் எழுத்து சொல்லிக் கொடுக்கிறது எப்படி

பெங்களூர்ல ஒரு தமிழ் வீட்டுக் குழந்தையை எடுத்துக்கோங்க. வீட்ல தமிழ், கீழ விளையாட இறங்கினா கன்னடமும் இந்தியும், ஸ்கூல்ல இங்கிலீஷ், கர்நாடகாவுல 2015ல வந்த சட்டத்துக்கு அப்புறம் கன்னடமும் கட்டாயப் பாடம். ஏழு வயசுல நாலு மொழி சர்வசாதாரணமா பேசுது, ஆனா எழுத படிக்க தெரியாத மொழி எதுன்னு பார்த்தா அது அம்மா அப்பா பேசுற மொழியா இருக்கு. நான் எங்க அபார்ட்மென்ட்ல சனிக்கிழமை சாயங்காலம் பசங்களுக்கு தமிழ் சொல்லிக் கொடுக்கிறேன், அதுல பார்த்ததை வச்சு, வீட்லயே ஆரம்பிக்க நினைக்கிறவங்களுக்காக இதை எழுதுறேன்.

முதல்ல ஒரு விஷயம் மனசுல வாங்கிக்கோங்க. இங்கிலீஷ் கத்துக்கொடுத்த வழியில தமிழ் எழுத்தை கத்துக்கொடுக்காதீங்க. ஒவ்வொரு ஊர்லயும் எழுத்து எப்படியோ அதுக்கு ஏத்த மாதிரிதான் குழந்தைங்க படிக்க கத்துக்கிறாங்க. பின்லாந்துல ஏழு வயசுலதான் பள்ளிக்கூடத்துக்கே போறாங்க, ஆனா பின்னிஷ் எழுதினபடியே படிக்கிற மொழிங்கறதால பெரும்பாலான பசங்க முதல் வருஷத்துலயே சரளமா வாசிச்சிடுறாங்க. 2003ல ஐரோப்பாவுல பதிமூணு மொழிகளை ஒப்பிட்ட ஒரு ஆய்வு வந்தது, முதல் வகுப்பு முடிவுல பின்னிஷ் குழந்தைங்க பழகின வார்த்தைகள்ல 98 சதவீதம் சரியா படிச்சாங்க, இங்கிலீஷ்ல படிக்கிற ஸ்காட்லாந்து குழந்தைங்க 34 சதவீதம்தான். அந்த ஊர் பசங்க மக்குன்னு இல்ல, அந்த எழுத்து அப்படி. சீனாவுல 1958ல கொண்டுவந்த பின்யின்ங்கற ரோமன் எழுத்தை முதல் வகுப்பு ஆரம்பத்துலயே பழக்கி, அதைப் பிடிச்சுக்கிட்டே ஆயிரக்கணக்கான சித்திர எழுத்துக்கு போறாங்க. நம்ம எழுத்து இதுல எதுலயும் சேராது. தமிழ், கன்னடம், இந்தி எல்லாமே மெய்யும் உயிரும் ஒரே எழுத்துக்குள்ள சேர்ந்து உட்கார்ற வகை. சத்தம் சுலபம், ஆனா உருவம் நிறைய, தமிழ்ல 247. கன்னடக் குழந்தைங்களை வச்சு பண்ணின ஆய்வுல நாலாம் வகுப்பு வரைக்கும் கூட எழுத்தெல்லாம் முழுசா கைக்கு வரலைன்னு தெரிஞ்சது. அதனால உங்க பொண்ணு ஆறு மாசத்துல சரளமா படிக்கலைன்னா பயப்படாதீங்க, இங்கிலீஷ் எழுத்து இருபத்தாறும் ஒரு வருஷத்துல வந்துச்சே தமிழ் வரலையேன்னு கம்பேர் பண்ணவும் பண்ணாதீங்க.

எழுத்துக்கு முன்னாடி பேச்சு. லக்சம்பர்க்னு ஒரு சின்ன நாடு, அங்க பசங்க வீட்ல லக்சம்பர்கிஷ் பேசுறாங்க, படிக்க கத்துக்கிறது ஜெர்மன்ல, ரெண்டும் நெருக்கமான மொழிங்கறதால அவங்களுக்கு பரவால்ல. ஆனா போர்த்துகல்ல இருந்து வந்து குடியேறின குடும்பத்துப் பசங்களுக்கு ஜெர்மன்ல ஆரம்பிக்கிறது ரொம்ப கஷ்டமாப் போச்சு, அதனால 2022ல சில பள்ளிக்கூடத்துல அவங்க மொழிக்கு நெருக்கமான பிரெஞ்சுல ஆரம்பிச்சு பார்த்தாங்க. காது பழகாத மொழியில எழுத்துக் கூட்டி என்ன பிரயோஜனம், கூட்டி முடிச்சப்புறம் வார்த்தை வந்து விழணும்ல. உங்க குழந்தை தமிழ்ல கேட்டா இங்கிலீஷ்ல பதில் சொல்ற நிலைமையில இருந்தா கொஞ்ச நாள் எழுத்தை ஒதுக்கி வச்சுட்டு கதை சொல்லுங்க, சமைக்கும்போது பேச்சு கொடுங்க, ஊருக்கு போன் போட்டு பேச விடுங்க. எழுத்து எங்கயும் ஓடிப்போகாது.

இப்ப எழுத்துக்கு வரலாம். அ ஆ இ ஈ சார்ட் வாங்கி சுவத்துல ஒட்டி தினமும் ஒப்பிக்க சொல்றதுதான் எல்லா வீட்லயும் நடக்குது, பாட்டு மாதிரி ஒப்பிக்கும், நடுவுல ஒரு எழுத்தைத் தொட்டு இது என்னன்னு கேட்டா முழிக்கும். அதுக்கு பதிலா ட, ப, ம மூணுல ஆரம்பிங்க. பெரும்பாலும் நேர்கோடும் மூலையும்தான், கைக்கு ஈஸி. மூணே எழுத்து கூட புள்ளி ஒண்ணு, உடனே படம், மடம், பட்டம், மட்டம் நாலு வார்த்தை படிச்சாச்சு. ர சேர்த்தா மரம், பம்பரம். க சேர்த்தா பக்கம், கடம். அப்புறம் கால் மட்டும் சொல்லிக் கொடுங்க, மாமா, பாப்பா, பாடம், மாடம்னு போயிட்டே இருக்கும். முதல் நாளே ஒரு வார்த்தையை தானா படிச்சுட்டோம்னு குழந்தைக்கு தெரியணும், அந்த சந்தோஷம் இருக்கே, அதுதான் அடுத்த வாரம் திரும்ப உட்கார வைக்கும். புள்ளியை மட்டும் அவசரப்படாம காட்டுங்க, ம வேற ம் வேறன்னு வாயில சொல்லி சொல்லி காமிங்க, படம்ங்கறதை படம-ன்னு இழுக்கிற பசங்க எல்லாம் இந்த இடத்துலதான் தடுக்குறாங்க.

கால், அப்புறம் கி, கீ-ல மேல வர்ற விசிறி வரைக்கும் சிக்கல் இல்ல. கொம்பு வரும்போது உட்கார்ந்து நிதானமா பண்ணணும். கெ, கே, கை எல்லாம் குறி முன்னாடி வருது, சத்தம் பின்னாடி வருது. கன்னடத்துல இந்தப் பிரச்சனையே கிடையாது, அங்க குறியெல்லாம் எழுத்துக்கு மேலயோ கீழயோ வலப்பக்கமோதான் ஒட்டும், அதனால கன்னடம் நல்லா படிக்கிற குழந்தை தமிழ்ல கொம்பைப் பார்த்ததும் நின்னுடும். கொ, கோ வந்தா இன்னும் குழப்பம், ஒரே எழுத்துக்கு ரெண்டு பக்கமும் காவல். இதுக்கு நான் பண்றது என்னன்னா க, ப மாதிரி புள்ளி இல்லாத எழுத்தை ஒரு அட்டையில எழுதி வச்சுட்டு கொம்பையும் காலையும் தனித்தனி அட்டையா வெட்டிக் கொடுத்துடுவேன், நான் கே-ன்னு சொன்னா அவங்களே இரட்டைக் கொம்பை எடுத்து இடப்பக்கம் வைக்கணும், கோ-ன்னா கூடவே காலை எடுத்து வலப்பக்கம் வைக்கணும். கையால நகர்த்தினா மனசுல நிக்குது. உ, ஊ வரிசைதான் நிஜமா மனப்பாடம், அதையும் மொத்தமா கொடுக்காம உருவத்தை வச்சு மூணு கூட்டமா பிரிச்சுக்கோங்க, கு டு மு ரு ழு ளு ஒரு கூட்டம், சு பு யு வு ஒண்ணு, து நு ணு லு று னு இன்னொண்ணு. வாரத்துக்கு ஒரு கூட்டம் போதும்.

தாத்தா வீட்டு பழைய புத்தகத்தை கையில கொடுத்தா லை, ணை, றா எல்லாம் வேற மாதிரி இருக்கும், 1978ல தமிழ்நாட்டு அரசு எழுத்தை மாத்தினதுக்கு முந்தினது அது. ஆரம்பத்துல அதை தவிர்த்துடுங்க.

அடுத்தது சத்தம். எங்க வகுப்புல ஒம்போது வயசு பொண்ணு ஒருத்தி, கன்னடம் தண்ணி மாதிரி படிப்பா, ஒரு நாள் கேட்டா, "மிஸ், கன்னடத்துல கல்லுக்கு ஒரு க, கணபதிக்கு வேற க இருக்கு, தமிழ்ல ரெண்டாவது க எங்க மிஸ்?" நல்ல கேள்வி, அதை சும்மா அடக்கிடக் கூடாது. நான் போர்டுல நாலு வார்த்தை எழுதினேன். கல், பக்கம், தங்கம், மகன். ஒவ்வொண்ணா சத்தமா படிக்க சொன்னேன், நாலையும் சரியாத்தான் படிச்சா, ஏன்னா அந்த வார்த்தையெல்லாம் அவளுக்கு வீட்ல கேட்டு பழக்கம். அப்புறம் அவளையே கண்டுபிடிக்க சொன்னேன். வார்த்தை ஆரம்பத்துல அழுத்தம், ரெட்டையா வந்தா அழுத்தம், ங் மாதிரி மூக்குல வர்ற எழுத்துக்கு பின்னாடி மெலிசு, ரெண்டு உயிருக்கு நடுவுல இன்னும் மெலிசு. கொஞ்ச நேரத்துல அவளே சொல்லிட்டா. இதே கணக்குதான் ட-வுக்கும் த-வுக்கும் ப-வுக்கும், படம் - பட்டம், பதில் - பத்து, பாம்பு - பாப்பா வச்சு பழக்குங்க. கணபதி, பஸ், கோபால் மாதிரி வெளியில இருந்து வந்த வார்த்தைங்க இந்தக் கணக்குல அடங்காது, அதை கேட்டுத்தான் தெரிஞ்சுக்கணும்னு நேரா சொல்லிடுங்க, பசங்க ஏத்துப்பாங்க.

இதெல்லாம் தாண்டினப்புறம் வர்றதுதான் பெரிய மேடு, நிறைய வீட்ல இங்கதான் விட்டுடுறாங்க. குழந்தை எழுத்துக் கூட்ட கத்துக்கிச்சு, புத்தகத்தை திறந்தா "அவன் சாப்பிட்டுக் கொண்டிருந்தான்"னு இருக்கு. வீட்ல யாரும் அப்படி பேசுறதில்ல, "சாப்ட்டுட்டு இருந்தான்"னுதான் அதுக்கு தெரியும், படிச்சும் புரியாம இது என்ன வேற மொழியான்னு பார்க்கும். இந்தப் பிரச்சனை நமக்கு மட்டும் இல்ல, அரபு பேசுறவங்க வீட்ல ஒண்ணு பேசி புத்தகத்துல இன்னொண்ணு படிக்கிறாங்க, ஸ்விட்சர்லாந்துல ஜெர்மன் பேசுறவங்களுக்கும் அதேதான். இஸ்ரேல்ல அரபுக் குழந்தைங்களுக்கு எழுத்து நடையில இருக்கிற கதைகளை பாலர் வகுப்புலயே தினமும் வாசிச்சுக் காட்டிப் பார்த்தாங்க, 1993ல வந்த ஆய்வு அது, அப்படி கேட்டு வளர்ந்த பசங்களுக்கு கதை நல்லாவும் புரிஞ்சது, கதை சொல்லவும் வந்தது. சிங்கப்பூர்ல வேற பக்கத்துல இருந்து வந்தாங்க, 2005ல தமிழ்ப் பாடத்திட்டத்தை ஆராய்ஞ்ச குழு பேச்சுத் தமிழுக்கும் வகுப்புல இடம் கொடுக்கணும்னு சொல்லுச்சு.

நீங்க ரெண்டையும் பண்ணுங்க. குழந்தை தானா படிக்க ஆரம்பிக்கிறதுக்கு ரொம்ப முன்னாடியே ராத்திரி படுக்கும்போது புத்தகத்துல இருக்கிற நடையிலயே வாசிச்சுக் காட்டுங்க, பேச்சுத் தமிழுக்கு மாத்தி மாத்தி படிக்காதீங்க, புரியலைன்னா நிறுத்தி பேச்சுல சொல்லிட்டு திரும்ப அந்த வரியை அப்படியே படிங்க. குழந்தை எழுதும்போது "வந்துட்டான்"னு எழுதினா சிவப்பு மை எடுக்காதீங்க. தான் பேசுறதை தானே எழுத முடியும்ங்கறது பெரிய விஷயம், வந்துவிட்டான்னு எழுதுறது பின்னாடி தன்னால வரும். இதுல என்னோட கருத்து ரொம்ப உறுதி, முதல் ரெண்டு வருஷம் பேச்சுத் தமிழ்ல எழுத விடாத வீட்டுப் பசங்க தமிழ்ல எழுதுறதையே நிறுத்திடுறாங்க.

புத்தகத்துக்கு கவலைப்பட வேண்டாம். தமிழ்நாட்டு அரசு பாடநூல் எல்லாம் நெட்ல இலவசமா இருக்கு, தமிழ் இணையக் கல்விக்கழகத்துல வெளியூர் பசங்களுக்குன்னே பாடம் இருக்கு. எனக்கு அதிகம் உதவினது பிரதம் புக்ஸ் நடத்துற ஸ்டோரிவீவர், நம்ம பெங்களூர்ல இருந்து வர்றதுதான், ஒரே கதை கன்னடத்துலயும் தமிழ்லயும் இங்கிலீஷ்லயும் கிடைக்கும், படிக்கிற நிலை வாரியா பிரிச்சு வச்சிருக்காங்க. ஸ்கூல்ல கன்னடத்துல ஓரளவு படிக்கிற குழந்தைன்னா முதல்ல கன்னடக் கதையை படிக்க விடுங்க, அடுத்த நாள் அதே கதையை தமிழ்ல கொடுங்க, கதை தெரியும்ங்கறதால எழுத்துல மட்டும் கவனம் போகும். கன்னடம் தமிழைக் கெடுத்துடும்னு சில பேர் பயப்படுறாங்க, அதுக்கு அவசியமே இல்ல, மெய்யும் உயிரும் சேர்ந்து ஒரு எழுத்தாகுதுங்கற சூட்சுமத்தை கன்னட டீச்சர் ஏற்கனவே சொல்லிக் கொடுத்தாச்சு, உங்களுக்கு பாதி வேலை மிச்சம்.

கடைசியா, எழுதுறதுக்கு ஒரு ஆள் வேணும். ஆப்பிரிக்காவுல லைபீரியாங்கற நாட்டுல வாய் (Vai)னு ஒரு இன மக்கள், சுமார் 1830கள்ல அவங்கள்ல ஒருத்தரே உருவாக்கின எழுத்து அவங்ககிட்ட இருக்கு. அதுக்கு பள்ளிக்கூடமும் கிடையாது பரீட்சையும் கிடையாது, சொந்தக்காரங்க, சிநேகிதங்க மூலமாவே ஒருத்தருக்கொருத்தர் சொல்லிக் கொடுத்து, முக்கியமா கடிதம் எழுதவும் கணக்கு வைக்கவும் பயன்படுத்தினாங்க. பள்ளிக்கூடத்துல இங்கிலீஷ், குர்ஆன் ஓத அரபின்னு பக்கத்துலயே ரெண்டு எழுத்து இருந்தும் இது அழியல. 1970கள்ல அங்க போய் ஆராய்ஞ்ச ஸில்வியா ஸ்க்ரிப்னரும் மைக்கேல் கோலும் சொன்னது, எதுக்கு எழுத்தைப் பயன்படுத்துறாங்களோ அந்தத் திறமைதான் வளருது. ஹோம்வொர்க்குக்கு மட்டும் எழுதற குழந்தைக்கு ஹோம்வொர்க் எழுதத்தான் வரும்.

அதனால ஊர்ல இருக்கிற பாட்டிக்கு வாரம் ஒரு தடவை ரெண்டு வரி எழுத சொல்லுங்க, பேப்பர்ல எழுதி போட்டோ எடுத்து வாட்ஸ்அப்ல அனுப்பினா போதும். பாட்டிகிட்ட முன்னாடியே சொல்லி வைங்க, "அம்மா, தப்பைத் திருத்தாத, கேள்வி கேட்டு பதில் போடு"ன்னு. "தங்கம், உங்க வீட்டு மாடியில பூ பூத்துச்சா, என்ன கலர்?"னு பாட்டி கையெழுத்துல வந்தா அதைப் படிச்சே ஆகணும், பதிலும் எழுதியே ஆகணும். கையெழுத்து படிக்கிறது முதல்ல திணறும், பக்கத்துல உட்காருங்க, நீங்களா படிச்சு சொல்லிடாதீங்க. போன்ல டைப் பண்றதா இருந்தா தமிழ் கீபோர்டு போட்டுக் கொடுங்க, இங்கிலீஷ் எழுத்துல தமிழ் டைப் பண்ற பழக்கம் இந்த வயசுல வேண்டாம், அதுல பல்லியும் பள்ளியும் ஒண்ணாயிடும், ல ள ழ பிடிபடுறதுக்குள்ள கை அந்தப் பக்கம் பழகிடும். பாட்டி இல்லாத வீட்ல சித்தி, அத்தை, மாமா யாரா இருந்தாலும் சரி, வாரம் தவறாம பதில் போடுற ஆளா பார்த்து பிடிங்க.