ரெண்டாவது கோலியாகப் பிழைப்பது எப்படி

கால்பந்தில் கோல் காக்கும் கோல்கீப்பரைத்தான் நாங்கள் கோலி என்போம்; முதல் கோலி ஆடுவான், ரெண்டாவது கோலி பெஞ்சில் காத்திருப்பான். கடையநல்லூரில் சாயங்காலம் என்னிடம் பந்து பிடிக்க வரும் பையன்கள் முதல் வாரமே கேட்டுவிடுவார்கள்: "மாமா, டீம்ல ஃபர்ஸ்ட் கோலி ஆக எவ்ளோ நாளாவும்?" எனக்கு எப்படித் தெரியும்? நான் ஆனதில்லை. மலேசியாவில் வடக்கே ஒரு கிளப், கிழக்குக் கரையில் ஒன்று, தலைநகர்ப் பக்கம் ரெண்டு என்று பெட்டியைத் தூக்கிக்கொண்டு அலைந்தவன் நான். போன இடத்திலெல்லாம் சட்டை கொடுத்தார்கள், சம்பளமும் (பெரும்பாலும்) கொடுத்தார்கள். ஆட்டம்தான் அத்தி பூத்தாற்போல.

தாத்தா இங்கே தறியை விட்டுவிட்டு பினாங்குக்குக் கப்பலேறினார். நான் அங்கே பிறந்தேன், இங்கே பெண் எடுத்தேன், இப்போது மச்சானோடு ஹார்டுவேர் கடை. ஃபர்ஸ்ட் கோலி ஆவது பற்றி எழுத ஆயிரம் பேர் உண்டு. ரெண்டாவது கோலி வேலை தனிச் சோலி. அதைச் சொல்லித்தர ஆள் கம்மி. அதனால் எழுதுகிறேன்.

கோலி கோச்சுக்குத்தான் நீ வேலைக்காரன்

தலைமைப் பயிற்சியாளருக்கு ரெண்டாவது கோலியின் பெயர் ஞாபகம் இருந்தாலே பெரிய விஷயம். உன்னைத் தினமும் பார்ப்பவர் கோல்கீப்பர் கோச். அவர் ஒரு கிளப்பிலிருந்து இன்னொன்றுக்குப் போகும்போது, "நல்லா சர்வீஸ் போடுற பையன் ஒருத்தன் இருக்கான்" என்று ஒரு போன் செய்வார். முதல் கிளப்பைத் தவிர எனக்குக் கிடைத்த வேலையெல்லாம் அந்த மாதிரிப் போனில் வந்ததுதான்.

சர்வீஸ் என்றால் என்ன? ஆட்டத்துக்கு முன்னால் முதல் கோலி உடம்பைச் சூடாக்கும் அந்த அரைமணி நேரம் பந்தை அடித்துக் கொடுப்பவன் நீ. அங்கே உன் திறமையைக் காட்டாதே. முதலில் அடிக்கும் பந்தெல்லாம் நேராக அவன் கைக்குள் போகணும். நெஞ்சு உயரத்தில், அவன் நகரவே வேண்டாம். 'பொத்' என்ற சத்தம் அவனுக்குக் கேட்கணும்; அந்தச் சத்தத்தில்தான் ஒரு கோலிக்குத் தைரியம் வரும். பிறகு ஓரடி இடது, ஓரடி வலது. பிறகு தரையோடு. அப்புறம் பக்கவாட்டிலிருந்து கோலுக்கு முன்னால் தூக்கிப் போடும் கிராஸ், கடைசியாக பெனால்டி பாக்ஸ் விளிம்பிலிருந்து ஷாட். மழை பெய்திருந்தால் தரையில் வழுக்கி வரும் பந்து கூடுதலாக வேண்டும். கடைசிப் பந்தை அவன் பிடித்தாகணும். கடைசிப் பந்தை வலைக்குள் அடித்துவிட்டுச் சிரிக்கிற ரெண்டாவது கோலியை நான் பார்த்திருக்கிறேன். அடுத்த சீசன் அவன் அந்தக் கிளப்பில் இல்லை.

ஒவ்வொரு கோலிக்கும் ஒரு வழக்கம் இருக்கும். கிழக்குக் கரையில் நான் அடித்துக் கொடுத்தவருக்கு முதலில் உயரப் பந்துதான் வேண்டும். தரைப்பந்தை எடுத்தால் முகம் சுருங்கிவிடும். முதல் வாரத்திலேயே கேட்டுத் தெரிந்துகொள். கூச்சப்படாதே.

அவனுக்கு அடி படணும் என்று மனசுக்குள் வேண்டிக்கொண்டிருந்தால் அது உன் காலில் தெரியும். சர்வீஸ் கோணும்.

உட்கார்ந்தே இருந்துவிட்டு, திடீரென்று

இப்போதைய விதியில் ஒரு அணி ஐந்து பேரை மாற்றலாம். அந்த ஐந்தில் கோலியை யாரும் மாற்றுவதில்லை. நீ உள்ளே போகும் வழி பெரும்பாலும் ரெண்டுதான்: முதல் கோலிக்கு அடி, அல்லது சிவப்பு அட்டை. சிவப்பு அட்டை என்றால் ஒரு ஃபார்வர்டோ மிட்ஃபீல்டரோ வெளியே வருவான், நீ உள்ளே போவாய், அணியில் பத்துப் பேர், சில நேரம் எதிரே பெனால்டி புள்ளியில் பந்து காத்திருக்கும். அப்படியானால் உன் முதல் வேலையே அது.

2014 உலகக் கோப்பைக் காலிறுதியில் கோஸ்டாரிக்காவுக்கு எதிராக, கூடுதல் நேரம் முடியப்போகும்போது நெதர்லாந்து கோலி சிலெசனை எடுத்துவிட்டு டிம் க்ருலை உள்ளே அனுப்பினார் பயிற்சியாளர் வான் கால். க்ருல் ரெண்டு பெனால்டியைத் தடுத்தார். எல்லோரும் அதைத்தான் சொல்வார்கள். ஆனால் அந்தத் திட்டம் க்ருலுக்கு முன்கூட்டியே தெரியும். உனக்கு யாரும் முன்கூட்டிச் சொல்ல மாட்டார்கள்.

அதனால் பெஞ்சில் உட்காருவதையே பயிற்சியாகச் செய்யணும். முழங்காலுக்குக் கீழே கட்டும் ஷின் கார்டை ஒருபோதும் கழற்றாதே. மாற்று ஆட்டக்காரர்கள் மேலே போடும் கையில்லாத பிப்புக்குள்ளே கோலி சட்டை இருக்கட்டும். பதினைந்து நிமிஷத்துக்கு ஒருமுறை எழுந்து கார்னர் கொடிப் பக்கம் போய் இடுப்பு, தொடைப் பின்தசை ரெண்டையும் அசைத்துவிட்டு வா. இடைவேளையில் மற்ற மாற்று ஆட்டக்காரர்கள் வட்டம் போட்டுப் பந்து தட்டி விளையாடுவார்கள். நீ அதில் சேராதே. யாரையாவது கெஞ்சிக் கூட்டிப்போய் கைக்கு இருபது பந்து அடிக்கச் சொல்.

இங்கே பையன்களுக்கு நான் வைக்கும் பயிற்சி: வேப்பமரத்தடியில் ஒருவனை அரைமணி நேரம் உட்கார வைப்பேன். ஓட்டம் கிடையாது, பந்து கிடையாது. அவன் செத்த நேரம் மலையைப் பார்ப்பான், அப்புறம் எறும்பைப் பார்ப்பான். எப்போது கூப்பிடுவேன் என்று அவனுக்குத் தெரியாது. விசில் ஊதினால் எழுந்து, கிளவ்ஸை இறுக்கி, கோலுக்கு நடந்து போகணும். ஓடினால் திருப்பி அனுப்பிவிடுவேன். ஓடிப் போய் நிற்பவன் மூச்சு வாங்கிக்கொண்டே பெனால்டியைப் பார்ப்பான். நடந்து போ. இடது கம்பத்தைத் தொடு, வலது கம்பத்தைத் தொடு, எம்பி மேல் கம்பியைத் தொடு. 7.32 மீட்டர் அகலம், 2.44 மீட்டர் உயரம். கூப்பிட்ட நேரத்தில் அந்த அளவு உன் உடம்புக்குத் திரும்ப ஞாபகம் வரணும். பிறகு தடுப்பாட்டக்காரர்கள் பெயரைச் சொல்லிச் சத்தம் போடு. என்ன சொல்கிறாய் என்பது முக்கியமில்லை. குரல் உடையாமல் வந்தால் அவர்களுக்கும் தெம்பு, உனக்கும் தெம்பு. முதல் கோல் கிக்கை நடுத் தடுப்பாட்டக்காரனான சென்டர் பேக்கிடம் சின்னதாகக் கொடு. குளிர்ந்த காலால் நீளமாக அடிக்கப் போனால் தொடை பிடித்துக்கொள்ளும்.

பெனால்டிக்கு நிற்கும்போது பந்து உதைபடும் நொடியில் ஒரு பாதத்தின் ஒரு பகுதியாவது கோட்டின் மேலோ, அதற்கு நேராகவோ, பின்னாலோ இருந்தாகணும். பதற்றத்தில் முன்னால் பாய்ந்துவிட்டு, தடுத்த பந்தைத் திரும்ப அடிக்க விடாதே.

இன்னொன்று, 2025-இல் வந்த மாற்றம். பந்தைக் கையில் எட்டு வினாடிக்கு மேல் வைத்திருந்தால் எதிரணிக்கு மூலையிலிருந்து அடிக்கும் கார்னர் கிக். கடைசி ஐந்து வினாடியை நடுவர் கையைத் தூக்கிக் காட்டி எண்ணுவார். முன்னிலையில் இருக்கும்போது உள்ளே அனுப்பப்படும் கோலிக்குப் பந்தைக் கட்டிப்பிடித்து நேரத்தைக் கடத்தத்தான் தோன்றும். இனி அது பலிக்காது.

காத்தும் கிளவ்ஸும்

செங்கோட்டைக் கணவாய் வழியாக வரும் ஆனி ஆடிக் காத்தை நம்மூரில் குறை சொல்லாதவர் இல்லை. எனக்கு அது இலவச கோச். அந்த மாசங்களில் மேற்கேயிருந்து கிராஸ் போடச் சொல்லி நில்லு. பந்து பாதி வழியில் மனசு மாறும். உயரப் பந்துக்கு முதல் அடியைச் சீக்கிரம் எடுத்து வைப்பவன் ஏமாறுவான். ஒரு நொடி நின்று, பந்து எங்கே இறங்குகிறது என்று பார்த்துப் போகப் பழகுவான். பினாங்கில் எனக்கு இந்தக் காத்து கிடைத்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அங்கே வேறு தொல்லை. மலேசியாவில் ஆட்டம் பெரும்பாலும் ராத்திரிதான், எட்டே கால், ஒன்பது மணி. நோன்பு மாசத்தில் இன்னும் தள்ளிப் போகும். சாயங்காலம் ஒரு மழை கொட்டியிருக்கும், புல் நனைந்திருக்கும், காற்றில் ஈரம். கிளவ்ஸின் லேட்டெக்ஸ் லேசாக ஈரமாக இருந்தால் பிடிக்கும். சொட்டச் சொட்ட நனைந்தால் வழுக்கும். ஒரு துண்டு கம்பத்துக்குப் பக்கத்தில், ஒன்று பெஞ்சில்.

செம்மண் தரையில் புதுக் கிளவ்ஸோடு பாயாதே. ஒரு மாசத்தில் உள்ளங்கை உரிந்துவிடும். பழசைப் பயிற்சிக்கு வை, நல்லதை ஆட்டத்துக்கு. கழுவ வெறும் தண்ணீர் போதும், காயப்போட நிழல் போதும். வெயிலில் போட்டால் அப்பளம்.

நோட்டு

பெஞ்சில் உட்காருபவனுக்கு ஒரு வசதி: முழு ஆட்டத்தையும் பார்க்கலாம். எதிரணியில் யார் பெனால்டி அடிக்கிறான், எந்தக் கால், ஓடி வருமுன் எங்கே பார்க்கிறான், எந்தப் பக்கம் போனது, இதெல்லாம் ஒரு கையடக்க நோட்டில். லீகில் ஒரே ஆட்டக்காரர்கள்தான் கிளப் மாறி மாறி வருவார்கள், உன்னைப் போலவே. ரெண்டு சீசனில் அந்த நோட்டுக்கு மதிப்பு வந்துவிடும். முதல் கோலிக்கும் காட்டு. ஒளித்து வைக்காதே.

எந்தக் கிளப்

இந்தப் பகுதி மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் இருக்கும் நம் சொந்தக்காரப் பையன்களுக்கு. கிளப்பின் பெயரைப் பார்க்காதே, முதல் கோலியைப் பார். அவனுக்கு என்ன வயசு? ஒப்பந்தம் எப்போது முடிகிறது? தேசிய அணிக்குப் போகிறவனா? போகிறவன் என்றால் களைத்துத் திரும்புவான், உனக்கு வாய்ப்பு. அந்தக் கிளப் கோப்பை ஆட்டங்களில் கோலியை மாற்றுமா? மலேசியாவில் லீகோடு எஃப்.ஏ. கோப்பையும் 1921-இல் தொடங்கிய மலேசியக் கோப்பையும் உண்டு. ரெண்டாவது கோலிக்கு வருஷத்துக்கு நாலு ஆட்டம் கிடைத்தால் அது பெரும்பாலும் கோப்பையில்தான். மூன்றாவது கோலியாக ஒரு இளசு வளர்கிறானா என்றும் விசாரி. வளர்ந்தால் அடுத்த வருஷம் உன் நாற்காலி அவனுக்கு.

காத்திருப்பது வீண் இல்லை என்பதற்கு சிங்கப்பூரின் ஹசன் சன்னியைப் பார். 2004-இலேயே தேசிய அணிக்கு ஆடியவர், லயோனல் லூயிஸுக்குப் பின்னால் பல வருஷம், பிறகு இஸ்வான் மஹ்பூதோடு போட்டி. 2024 ஜூனில், நாற்பது வயசில், பாங்காக்கில் தாய்லாந்துக்கு எதிராகப் பதினொரு பந்தைத் தடுத்தார். சிங்கப்பூர் 3–1 என்று தோற்றது. ஆனால் தாய்லாந்துக்கு இன்னொரு கோல் விழாததால் அதே பிரிவில் இருந்த சீனா உலகக் கோப்பைத் தகுதிச்சுற்றின் அடுத்த கட்டத்துக்குப் போனது. சீன ரசிகர்கள் அவருடைய நாசி லெமாக் (தேங்காய்ப்பால் சோறு) கடைக்கு வரிசை கட்டினார்கள். தேசிய அணி கோலி சோற்றுக்கடையும் வைத்திருந்தார் என்பதைக் கவனி. கைத்தொழில் ஒன்று வேணும்.

எங்கள் வீட்டில் ஆறுமுகத்தின் பத்திரிகைப் படம் ரொம்ப காலம் இருந்தது. நீளக் கைக்காக 'ஸ்பைடர்மேன்' என்று மலேசியாவே கூப்பிட்ட கோலி, 1988-இல் கார் விபத்தில் போனவர். எல்லோரும் அவர் கதை சொல்வார்கள். அவர் நின்ற வருஷங்களில் பின்னால் பெஞ்சில் உட்கார்ந்தவர்கள் யார் யார் என்று கேட்டுப் பார், பேச்சு நின்றுவிடும். எனக்கு அந்தக் கதைகள்தான் வேணும்.

காகிதம்

ஆட்டத்துக்கு இவ்வளவு என்ற போனஸுக்குத் தலையாட்டாதே. நீ ஆட மாட்டாய். 'ஆட்ட நாள் பட்டியலில் பெயர் இருந்தால்' வெற்றி போனஸ் உண்டு என்று எழுதச் சொல். ஒப்பந்தத்தில் எனக்குப் பிடித்த ஒரே வரி அதுதான்.

இ.பி.எஃப். (மலேசிய வருங்கால வைப்பு நிதி) பணம் விழுகிறதா என்று மாசாமாசம் கணக்கில் பார். ஒரு கிளப்பில், பெயர் வேண்டாம், சம்பளச் சீட்டில் பிடித்திருந்தார்கள், கணக்கில் விழவில்லை. சம்பளம் ரெண்டு மாசம் நின்றால், உலகக் கால்பந்து அமைப்பான ஃபிஃபாவின் விதிப்படி எழுத்து மூலம் குறைந்தது பதினைந்து நாள் கெடு கொடுத்து, அப்புறமும் வராவிட்டால் ஒப்பந்தத்தை முறித்துக்கொள்ளலாம். வாட்ஸ்அப்பில் புலம்புவது கெடு ஆகாது. கடிதம் எழுது, தேதி போடு. மலேசியாவில் ஆட்டக்காரர் சங்கமான பி.எஃப்.ஏ.எம். உதவும். சேர்ந்த அன்றே உறுப்பினராகு.

சீசனில் பத்து சதவீத ஆட்டம்கூட ஆடாத அனுபவசாலி ஒப்பந்தத்தை முறிக்கலாம் என்றும் ஒரு விதி இருக்கிறது. ரெண்டாவது கோலி என்று தெரிந்தே கையெழுத்துப் போட்ட நாம் அதை நம்பி இறங்குவது புத்திசாலித்தனமாக எனக்குப் படவில்லை.

நம்மூர்ப் பையன்களுக்கு

கடையநல்லூர், தென்காசிப் பையன்களிடம் இருப்பது இந்திய பாஸ்போர்ட். தென்கிழக்காசிய லீகுகளில் வெளிநாட்டார் இடம் எண்ணிக்கையில் கட்டுப்பட்டது. அதை கிளப்புகள் பிரேசில்காரன், ஆப்பிரிக்கக்காரன் என்று கோல் அடிப்பவனுக்குத்தான் கொடுக்கும். ஆசியான் இடம் என்று தனியாக உண்டு, அது ஆசியான் கூட்டமைப்பில் உள்ள தென்கிழக்காசிய நாட்டுக் குடிமக்களுக்கு. ரெண்டாவது கோலிக்காக ஒரு வெளிநாட்டு இடத்தைச் செலவழிக்கும் கிளப்பை நான் பார்த்ததில்லை. அதனால் "மலேசியாவில் டிரையல், ஒரு லட்சம் கட்டு" என்று எவனாவது வந்தால் வாசலோடு அனுப்பு. ஏஜென்ட் என்றால் ஃபிஃபா உரிமம் வேணும், ஃபிஃபா இணையதளத்தில் பெயரைத் தேடலாம். பதினெட்டு வயசுக்குள் நாடு மாற்றிப் பதிவது சில விதிவிலக்கு தவிர நடக்கவே நடக்காது.

உன் வழி மாவட்டம், சென்னை லீக், மாநில அணிகள் மோதும் சந்தோஷ் டிராபிக்கான தேர்வு, ரயில்வே, ராணுவ அணிகள். அங்கேயும் ஒரு அணிக்கு ரெண்டு மூன்று கோலி வேணும், அங்கேயும் மேலே சொன்ன எல்லாம் செல்லும். இருபத்தைந்து வயசில் இன்னும் பெஞ்சில்தான் என்றால் ஏ.ஐ.எஃப்.எஃப். (இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்பு) தரும் டி பயிற்சியாளர் லைசென்ஸை முடித்துவிட்டு ஏ.எஃப்.சி. (ஆசியக் கூட்டமைப்பு) சி, பிறகு கோல்கீப்பிங் கோர்ஸ் என்று போ. அடித்துக் கொடுத்தே பழகியவன் நல்ல கோலி கோச் ஆவான். நான் கேட்டுப் பார்த்த கோச்சுகளில் பலர் ஒரு காலத்தில் ரெண்டாவது கோலிகள்.

அசர் தொழுகைக்கு அப்புறம் பயிற்சி. கிளவ்ஸ் இல்லாதவன் சும்மா வா, என்னிடம் பழசு கிடக்கிறது. சாரல் விழுந்தாலும் உண்டு, இடி இடித்தால் கிடையாது.