கொவாச்செவிச்சை எங்கிருந்து தொடங்குவது?

திரைக்கதை எழுதப் பழகும் பிள்ளைகள் "எதைப் பார்க்கலாம் அண்ணா?" என்று கேட்டால், நான் முதலில் சொல்லும் பெயர் துஷான் கொவாச்செவிச். செர்பியாவில் ஷபாட்ஸ் ஊருக்குப் பக்கத்துக் கிராமத்தில் 1948இல் பிறந்தவர். அடிப்படையில் நாடகக்காரர். அவர் எழுதிய படங்களை எந்த வரிசையில் பார்க்கிறோம் என்பது ரொம்ப முக்கியம்.

பலரும் 'அண்டர்கிரவுண்ட்' படத்தில் தொடங்குகிறார்கள். 1995இல் கான் திரைப்பட விழாவில் முதல் பரிசான தங்கப் பனை வாங்கியது, படத்தின் இயக்குநர் எமீர் குஸ்துரிட்சாவோடு சேர்ந்து எழுதியது. நானும் நண்பர்களுக்கு அதைத்தான் முதலில் போட்டுக் காட்டினேன். ஏறக்குறைய 3 மணி நேரம் பேண்டு வாத்தியம், துப்பாக்கி, கூச்சல். பாதியிலேயே மூன்று பேர் எழுந்து போய்விட்டார்கள். படத்தில் குறை இல்லை, நான் வைத்த வரிசை தப்பு. அதைக் கடைசிக்கு ஒதுக்குங்கள்.

முதலில் பார்க்க வேண்டியது 1980இல் ஸ்லொபொதான் ஷியான் இயக்கிய 'கோ தோ தாமோ பேவா'. 'அங்கே பாடுவது யார்' என்று பொருள். ஒன்றரை மணி நேரம்கூட இல்லை. 1941 ஏப்ரல் 5 அன்று ஓர் ஓட்டைப் பேருந்து தலைநகர் பெல்கிரேடு நோக்கிக் கிளம்புகிறது. பார்ப்பதற்கு முன் ஒன்று தெரிந்திருக்க வேண்டும்: மறுநாள் காலை ஜெர்மன் விமானங்கள் பெல்கிரேடில் குண்டு போட்டன. அந்த ஊர்க்காரர்களுக்குத் தேதியைப் பார்த்ததுமே புரிந்துவிடும், நமக்குப் புரியாது. அது தெரிந்தால் டிக்கெட்டுக்காக நடக்கும் சண்டைகூட வயிற்றைப் பிசையும்.

முதல் தடவை சும்மா பாருங்கள். இரண்டாம் தடவை நோட்டோடு உட்காருங்கள். ஒவ்வொரு பயணிக்கும் எதிரே, எதற்காகப் போகிறார், எதற்கு எரிந்து விழுகிறார் என்று எழுதுங்கள். ராணுவத்தில் இருக்கும் மகனைப் பார்க்கப் போகும் பழைய போர்வீரர், ஜெர்மனி என்றால் உருகும் மீசைக்காரர், வாய்ப்புத் தேடிப் போகும் பாடகர், இருமிக்கொண்டே வரும் நோயாளி, புதுமணத் தம்பதி. நடத்துநரோ சொந்த மகனையே கண்ணைக் கட்டிக்கொண்டு வண்டி ஓட்டச் சொல்கிறார். வழியில் ஒரு விவசாயி சாலையையே உழுது போட்டுவிட்டு, கடந்து போகக் காசு கேட்கிறார். கதை நகரவே இல்லை என்று தோன்றும். ஆனால் வண்டிக்குள் கோபம் ஏறிக்கொண்டே இருக்கும். அது யார் தலையில் இறங்கப் போகிறது என்று பாதிப் படத்தில் நிறுத்தி எழுதி வையுங்கள்.

அந்த வண்டியில் ரோமா என்கிற ஜிப்சி இனத்துப் பாடகர்கள் இரண்டு பேரும் வருகிறார்கள். பெரியவரிடம் அக்கார்டியன், சிறுவனிடம் மோர்சிங். நம் கச்சேரி மேடையில் கேட்கிற அதே வகை வாத்தியம்தான், புழுதிச் சாலையில் ரீங்கரிக்கிறது. இதெல்லாம் கனவாக இருக்கக் கூடாதா என்று அவர்கள் பாட்டு ஏங்குகிறது. பாட்டுக்கு சப்டைட்டில் இல்லாத பிரதி கிடைத்தால் வேண்டாம், வேறு தேடுங்கள்.

அப்புறம் 1984இல் வந்த 'பால்கன் உளவாளி'. தன் நாடகத்தை, பேருந்துப் படத்தின் ஒளிப்பதிவாளர் பொஜிதார் நிகோலிச்சோடு சேர்ந்து கொவாச்செவிச்சே இயக்கினார். இலியா என்பவர், யூகோஸ்லாவியா சோவியத் தலைவர் ஸ்டாலினோடு முறித்துக்கொண்ட காலத்தில், அவரை நம்பிச் சிறைக்குப் போனவர். அவர் வீட்டில் குடியிருக்கும், பாரிஸிலிருந்து திரும்பிய தையற்காரரைப் பற்றி போலீஸ் சாதாரணமாக இரண்டு கேள்வி கேட்கிறது. அவ்வளவுதான், மீதிச் சந்தேகம் முழுவதையும் இலியாவே வளர்த்துக்கொள்கிறார். உங்களுக்கு எந்த இடத்தில் சிரிப்பு நின்றது என்று குறித்துக்கொள்ளுங்கள். அதற்கு முந்தைய காட்சியை வசனம் வசனமாக எழுதிப் பாருங்கள். எனக்குத் திரைக்கதை எழுத்து பிடிபட்டது அப்படித்தான்.

2003இல் அவர் தனியாக இயக்கிய 'ப்ரொஃபெஷனல்' படத்தில் பெட்டியை மட்டும் கவனியுங்கள். ஓய்வுபெற்ற ரகசியப் போலீஸ்காரர் ஒருவர், தான் வருடக்கணக்கில் பின்தொடர்ந்த எழுத்தாளரின் அறைக்குள் அதைத் தூக்கிக்கொண்டு வருகிறார். எழுத்தாளர் தொலைத்த பொருள்கள், குடித்துவிட்டு உளறிய பேச்சுகள் எல்லாம் அதில் பத்திரமாக இருக்கின்றன. நடுநடுவே பழைய நினைவுகள் வந்தாலும், அடிப்படையில் ஓர் அறையில் இரண்டு பேர் பேசுவதுதான் படம். சின்னச் செலவில் படம் எடுக்க நினைப்பவர்களுக்கு இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரிந்து இல்லை.

சரி, இப்போது 'அண்டர்கிரவுண்ட்' போடுங்கள். அது தொடங்குவது 1941 ஏப்ரல் 6 காலையில், பேருந்து போய்ச் சேர வேண்டியிருந்த அதே ஊரில். மிருகக்காட்சி சாலையில் குண்டு விழுகிறது. அங்கே விலங்குகளைப் பார்த்துக்கொள்ளும் இவான் ஒரு சிம்பன்சிக் குட்டியைத் தூக்கிக்கொண்டு அழுதபடி நடக்கிறான்.