சீர்ப் பானைக்கு ஈயம் பூசினேன்

அம்மாவுக்குச் சீராக வந்த பித்தளைப் பானையில் குழம்பு வைத்தால் களிம்பு வாடை அடித்தது. உள்ளே பூசியிருந்த ஈயம், அதாவது வெள்ளீயம் (டின்), தேய்ந்து, அடியில் மஞ்சள் தெரிந்தது. புளி நேரடியாகப் பித்தளையில் பட்டால் தாமிரம் கரையும், அந்த வாடைதான்.

மதுரையில் பாத்திரக் கடையொன்றில், "எடைக்குப் போட்டுவிட்டு எவர்சில்வர் எடுத்துக்கொள்ளுங்கள்" என்றார்கள். விளிம்பில் தாத்தாவின் தலைப்பெழுத்தோடு அம்மா பெயரைப் புள்ளி புள்ளியாக வெட்டியிருக்கிறது. அதற்கு எந்தத் தராசில் எடை போடுவார்களாம்?

விசாரித்ததில் திருமங்கலம் பக்கம் ஈயம் பூசுகிற பெரியவர் ஒருவர் கிடைத்தார். பானையைப் புளியும் மணலும் போட்டுத் தேய்த்து, கரி அடுப்பில் சூடேற்றி, ஈயம் ஒட்டுவதற்காக நவச்சாரம் என்ற உப்பின் பொடியைத் தூவினார். வெண்புகை கண்ணைக் கரித்தது. வெள்ளீயத்தை உரசியதுமே உருகி ஓடியது. 232 டிகிரி செல்சியஸ் போதும் அதற்கு. பஞ்சை வைத்து ஒரு சுழற்று சுழற்றினார். மஞ்சள் போன இடம் தெரியவில்லை.

கூலி கொஞ்சம் கூடத்தான். கொடுக்கலாம்.

பூசக் கொடுப்பவர்கள் காரீயம் (லெட்) கலக்காத வெள்ளீயம்தானா என்று கேட்டுக்கொள்ளுங்கள், காரீயம் நஞ்சு. வெறும் பானையை அடுப்பில் காயவிட்டால் பூச்சு உருகிவிடும். கம்பி நாரும் ஆகாது, தேங்காய் நாரே போதும்.