ஈ.எம்.ஐ.யை மட்டும் பார்க்காதே, தம்பி

வீட்டுக்கடனுக்கு மாதத் தவணை (ஈ.எம்.ஐ.) 26,035 ரூபாய், சமாளிக்கலாம் என்கிறாய். 30 லட்சம், 8.5 சதவீதம், 20 வருடம் என்றால் மொத்தம் சுமார் 62.5 லட்சம் கட்டுவாய். தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கி முதல் வரியைப் பார்: வட்டி 21,250, அசலுக்கு வெறும் 4,785!

ஃப்ளோட்டிங் வட்டி (அவ்வப்போது ஏறி இறங்கும் வட்டி) ஆரம்பத்திலேயே 9.5 ஆகி, தவணை மாறாவிட்டால் காலம் 25 வருடத்தைத் தாண்டும். வட்டி கூடியதாக வங்கியிடமிருந்து எஸ்.எம்.எஸ். வந்ததும் சும்மா இருக்காதே; தவணையைக் கூட்டச் சொல்லி எழுதிக்கொடு.

இன்சூரன்ஸ் பிரீமியத்தைக் கடனில் சேர்க்க விடாதே. 50,000 பிரீமியம் வட்டியோடு லட்சத்தைத் தாண்டிவிடும்.

போனஸ் வந்தால் (புது பைக் ஆசை வருமுன்) வருடம் ஒரு தவணை கூடுதலாக அசலில் கட்டு. கடன் காலம் மூன்று வருடத்துக்கு மேல் குறையும். ஃப்ளோட்டிங் வீட்டுக்கடனுக்கு இதற்கெல்லாம் அபராதம் கிடையாது. ரிசர்வ் வங்கி விதி.