காலையில் தொண்டை காய்ந்து எழுகிறீர்களா? காற்றைக் கவனியுங்கள்

வகுப்பில் பேசியே பிழைக்கிறவள் நான். அதனால் காலையில் தொண்டை எப்படி இருக்கிறது என்பது எனக்குப் பெரிய விஷயம். தொண்டை கட்டிக்கொள்கிறது என்று யார் சொன்னாலும் நான் முதலில் கேட்பது, ஏசி காற்று நேராக முகத்தில் அடிக்கிறதா என்றுதான்.

ஏசியின் குளிர்ந்த குழாய்களில் காற்றின் ஈரம் நீராகப் படிந்து வெளியே போய்விடுகிறது. வெளிக்குழாயில் சொட்டும் தண்ணீர் அத்தனையும் அறைக்குள் இருந்ததுதான். ஹீட்டர் ஈரத்தை எடுப்பதில்லை. ஆனால் சூடான காற்றுக்கு ஈரத் தாகம் அதிகம். இந்த நேரம் பார்த்து, தூக்கத்தில் உமிழ்நீரும் குறைந்துவிடுகிறது, விழுங்குவதும் குறைந்துவிடுகிறது.

தலையணைக்கு மேல் ஒரு டிஷ்யூ காகிதத்தைத் தொங்கவிட்டுப் பாருங்கள். அது ஆடினால், ஏசியின் பட்டைகளை மேல்நோக்கித் திருப்புங்கள், அல்லது தலைமாட்டை மாற்றுங்கள். மின்விசிறிக்கும் இதே சோதனைதான்.

அப்புறம் ஈரப்பதம் காட்டும் சிறு கருவி ஒன்றை வாங்கித் தலையணைப் பக்கம் வையுங்கள், ஏசிக்கு நேர் கீழே வேண்டாம். 40 முதல் 50 சதவீதம் காட்டினால் போதும். முப்பதுக்கும் கீழே போனால், காற்றில் ஈரம் சேர்க்கும் கருவியான ஹியூமிடிஃபையர் உதவும். ஆனால் தண்ணீரைத் தினமும் மாற்றி, தொட்டியைத் தேய்த்துக் கழுவ முடியாதென்றால் அதை வாங்கவே வேண்டாம். அழுக்குத் தொட்டி கிருமிகளைத்தான் காற்றில் தூவும். ஈரம் 60 சதவீதத்தைத் தாண்டினால் பூஞ்சையும் தூசிப்பூச்சியும் பெருகும். கிண்ணத்தில் தண்ணீர் வைப்பதில் பெரிய பலன் இல்லை.

இவ்வளவு செய்தும் தொண்டை காய்கிறதா? சரி, மூக்கைப் பாருங்கள். உள்ளே போகும் காற்றைச் சூடாக்கி, நனைத்து, தூசி வடித்து அனுப்புவது மூக்கின் வேலை. அது அடைத்தால் வாய் திறந்துகொள்ளும், வறண்ட காற்று நேரே தொண்டையில் படும். அதனால் மூக்கு தூசியால் அடைக்காமல் இருக்க, ஏசி வடிகட்டியை இரண்டு வாரத்துக்கு ஒருமுறை கழுவிக் காயவைத்து மாட்டுங்கள். படுக்கும் முன் உப்புநீரால் மூக்கைக் கழுவலாம்; கொதிக்கவைத்து ஆறிய தண்ணீர் மட்டுமே, குழாய்த் தண்ணீர் கூடவே கூடாது. படுக்கையறையில் ஊதுபத்தி, வாசனை ஸ்பிரே எதுவும் வேண்டாம்.

குரல் கம்மல் மூன்று வாரத்தைத் தாண்டினாலோ, குறட்டைக்கு நடுவே மூச்சுத் திணறி விழித்தாலோ, காலையில் தொண்டையில் புளிப்பும் எரிச்சலும் இருந்தாலோ காரணம் காற்றாக இல்லாமல் இருக்கலாம். காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் காட்டுங்கள்.