பழைய படக்காட்சிகளைத் தேடிப் பெறுவதில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஆவணப்படத்துக்கோ தொலைக்காட்சித் தொடருக்கோ பழைய காட்சிகளைத் தேடித் தருபவர்கள் செய்யும் தவறுகளில் பெரும்பாலானவை, ஒரு காட்சி கண்ணில் பட்டதுமே அது கைக்கு வந்துவிட்டதாக எண்ணிக்கொள்வதில் தொடங்குகின்றன. பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் 2014-இல் தன் செய்திப்படங்களில் ஏறத்தாழ 85,000-ஐ யூடியூபில் ஏற்றியது. அவற்றை யாரும் பார்க்கலாம். தம் படத்தில் சேர்க்க வேண்டுமானால் உரிமம் பெற்றே ஆக வேண்டும்.

வாட்டர்மார்க் (காப்பகத்தின் பெயர் முத்திரை) உள்ள மாதிரிப் பிரதியை வைத்துக்கொண்டு எடிட்டிங்கை முடித்துவிட்டு, உரிமப் பேச்சைக் கடைசி வாரத்துக்குத் தள்ளிப்போடுவது அடுத்த தவறு. நான் பணியாற்றிய ஒரு படத்தில் 14 நொடிக் காட்சி ஒன்றுக்கு, குறைந்தபட்சக் கட்டணம் என்று ஒரு நிமிடத்துக்கு உரிய தொகையை அதை வைத்திருந்த திரைப்படக் காப்பகம் கேட்டது. அதற்குள் பின்னணி இசை அந்தக் காட்சியின் அசைவுக்கு ஏற்ப அமைக்கப்பட்டுவிட்டதால், காட்சியை மாற்றவும் முடியவில்லை, பேரம் பேசவும் வாய் வரவில்லை. உரிமம் எந்தெந்த நாடுகளுக்கு, எத்தனை ஆண்டுகளுக்கு, தொலைக்காட்சிக்கு மட்டுமா ஓடிடிக்கும் சேர்த்தா என்பதையும் முதல் கடிதத்திலேயே கேட்டுவிட வேண்டும்.

‘பழைய படம்தானே, உரிமை போயிருக்கும்’ என்பது பாதி உண்மை. இந்தியச் சட்டப்படி, வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகளுக்குத் திரைப்படத்தின் பதிப்புரிமை நீடிக்கிறது. ஆகவே 1964-இல் வெளியான படத்துக்கு அது 2024 இறுதியோடு முடிந்தது. ஆனால் அதே படத்தில் ஒலிக்கும் பாடல் வரிகளுக்கான காலம் கவிஞரின் மறைவிலிருந்து கணக்கிடப்படுகிறது. கண்ணதாசன் மறைந்தது 1981-இல். எனவே அவர் எழுதிய பாடல் என்றால் வரிகளின் உரிமை 2041 இறுதி வரை இருக்கும்.

என் பார்வையில் மிக மோசமான தவறு, காட்சியில் இருப்பது என்ன என்று காப்பகம் எழுதிவைத்திருக்கும் குறிப்பட்டையை அப்படியே நம்புவதுதான். 1912-இல் டைட்டானிக் மூழ்கியதும் திரையரங்குகளில் ஓடிய செய்திப்படங்களில், அதன் சகோதரிக் கப்பலான ஒலிம்பிக்கின் காட்சிகள் டைட்டானிக் என்ற பெயரில் காட்டப்பட்டன. இடத்தைக் காட்டிக்கொடுக்கும் இழுவைப் படகுகளின் பெயர்கள் ஃபிலிமிலேயே சுரண்டப்பட்டிருந்தன. 1917 ரஷ்யப் புரட்சியில் குளிர்கால அரண்மனை கைப்பற்றப்பட்ட நிகழ்வின் நேரடிப் பதிவு என்று பல ஆவணப்படங்களில் வருவதும், சோவியத் இயக்குநர் ஐசன்ஸ்டைன் பத்தாண்டுகள் கழித்து நடிகர் கூட்டத்தை வைத்து எடுத்ததே. கடைப்பலகை, வாகன எண், சீருடை, நிழல் விழும் திசை ஆகியவற்றை ஒவ்வொரு சட்டகமாக (ஃபிரேமாக) நிறுத்திப் பார்க்கச் சோம்பல்படுபவர் இந்த வேலைக்கு வராமலிருப்பது நல்லது.

தொழில்நுட்பத் தவறுகள் இரண்டு. பழைய தொலைக்காட்சியின் 4:3 அகல-உயர விகிதத்திலான காட்சியை இன்றைய அகலத் திரை நிரம்ப இழுத்தால் முகங்கள் அகன்றுவிடும். நொடிக்கு 16 அல்லது 18 சட்டகங்களில் எடுத்த மௌனப்படக் காலப் பதிவை 24-இல் ஓட்டினாலோ, ஒரு தலைவரின் இறுதி ஊர்வலம்கூட ஓட்டப்பந்தயம் போலாகி, அரங்கில் சிரிப்பொலி எழும்.